எழுதிக்கொடுப்பவர்

வர்ஜீனியா வுல்ஃப் 1928இல் கேம்பிரிட்ஜின் இரண்டு பெண்கள் கல்லூரிகளில் பேசியதை அடுத்த ஆண்டு 'தனக்கென்று ஓர் அறை' என்ற நூலாக விரித்தார். எழுத நினைக்கும் பெண்ணுக்குப் பணமும் பூட்டுள்ள அறையும் வேண்டும் என்ற வாதத்துக்காகவே அந்த நூலை நாம் வகுப்பில் எடுத்துக்காட்டுகிறோம். அதில் அவ்வளவாகப் பேசப்படாத இன்னொரு கோரிக்கையும் இருக்கிறது. எலிசபெத் மகாராணி காலத்தில் வாழ்ந்த சாதாரணப் பெண் எந்த வயதில் மணமுடித்தாள், எத்தனை பிள்ளை பெற்றாள், அவளுக்கென்று ஓர் அறை இருந்ததா, சமையல் அவள் வேலையா என்று தேடுகிறார். நூலக அலமாரியில் பதில் இல்லை. தேவாலயப் பதிவேடுகளிலும் கணக்குப் புத்தகங்களிலும் இதெல்லாம் எங்கோ கிடக்கும், உங்களில் ஒரு மாணவி போய்த் திரட்டக்கூடாதா என்று கேட்கிறார்.

பெரம்பலூரிலோ அரியலூரிலோ பி.ஏ. தமிழ் படிக்கும் ஒரு பெண்ணிடம் இதே கோரிக்கையை வைத்தால் அவள் எங்கே போவாள்?

இங்கிலாந்தில் போவதற்கு இடம் இருக்கிறது. எட்டாம் ஹென்றியின் அமைச்சர் தாமஸ் கிராம்வெல் 1538இல் போட்ட ஆணைப்படி ஒவ்வொரு பங்குக் கோயிலும் ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் மூன்றையும் ஏட்டில் எழுதத் தொடங்கியது. 1841 முதல் மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் தாள்களில் ஆள்பெயர் இருக்கிறது. நூறாண்டு கழித்து அந்தத் தாள்களைப் பொதுமக்கள் பார்க்கலாம். 1921ஆம் ஆண்டுத் தாள்கள் 2022 ஜனவரியில் திறக்கப்பட்டன. ஓய்வுபெற்றவர்கள் ஆவணக் காப்பகங்களில் உட்கார்ந்து தங்கள் கொள்ளுத்தாத்தாவையும் ஊர்த் தச்சரையும் தேடுவது அங்கே ஒரு பொழுதுபோக்கு. நம் நாட்டில் கணக்கெடுப்பு அதிகாரி வீடு வீடாக வந்து பெயர் எழுதுகிறார். ஆனால் நமக்குப் பார்க்கக் கிடைப்பவை எண்கள் நிறைந்த அட்டவணைகள் மட்டும். என் கொள்ளுப்பாட்டி 1901ஆம் ஆண்டுக் கணக்கில் இருக்கிறாள். உடையார்பாளையம் தாலுகாவின் பெண்கள் தொகையில் ஒன்றாக.

இங்கிலாந்தின் ஏடுகளும் பெண்களுக்கு அவ்வளவு இரக்கம் காட்டியவையல்ல. திருமணமானதும் பெண்ணின் குடும்பப்பெயர் மாறிவிடும். தேடுபவர் அந்த இடத்தில் முட்டிக்கொண்டு நிற்பார். பிறப்புப் பதிவின் அட்டவணையில் தாயின் பிறந்த வீட்டுப் பெயர் 1911ஆம் ஆண்டின் பிற்பகுதியிலிருந்துதான் சேர்க்கப்பட்டது. அதே 1911இல்தான் கணக்கெடுப்புத் தாள் மணமான பெண்ணைப் பார்த்து எத்தனை ஆண்டு மணவாழ்க்கை, உயிரோடு பிறந்தவை எத்தனை, அவற்றில் இறந்தவை எத்தனை என்று கேட்டது. வாக்குரிமை கேட்டுப் போராடியவர்களில் பலர், எங்களைக் குடிமக்களாக எண்ணாத அரசு எங்கள் தலையை மட்டும் ஏன் எண்ண வேண்டும் என்று கணக்கெடுப்பு இரவன்று வீட்டைவிட்டு வெளியேறினார்கள். எமிலி வைல்டிங் டேவிசன் நாடாளுமன்றக் கட்டடத்திலேயே நிலவறைத் தேவாலயத்தில் ஒளிந்துகொண்டார். காலையில் பிடிபட்டார், அன்றைய கணக்கில் அவர் இருப்பிடம் நாடாளுமன்றம் என்று பதிவானது. பதிவுக்கு மறுத்துப் போராடியவர் அந்தப் பதிவாலேயே நினைக்கப்படுகிறார். இந்தச் சிக்கலுக்குத் திரும்பி வர வேண்டியிருக்கும்.

நம் பக்கத்து ஏடுகளைப் பார்ப்போம். பழைய திருச்சிராப்பள்ளி ஜில்லாவிலிருந்து 1995இல் பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தது. அரியலூர் 2001இல் தனி மாவட்டமாகி, 2002இல் திரும்பச் சேர்க்கப்பட்டு, 2007இல் மீண்டும் பிரிந்தது. ஒரே குடும்பத்தின் காகிதங்கள் திருச்சியில் பாதி, இங்கே மீதி என்று கிடக்கும். 1980இல் கர்ணம், முன்சீப் பதவிகளை எம்.ஜி.ஆர். அரசு ஒழித்தபோது எத்தனை வீட்டுப் பரண்களில் எத்தனை கிராமக் கணக்கு தங்கிப்போனதோ. பரம்பரைப் பதவி போனது நல்லது. அதை ஒரு வரிகூடக் குறைத்துச் சொல்ல மாட்டேன்.

சென்னை மாகாணத்தில் பிறப்பு, இறப்புப் பதிவுக்கு 1899இல் தனிச் சட்டம் வந்தது. அந்தப் பழைய பதிவேட்டைத் திறந்தால் பெரும்பாலும் குழந்தையின் பெயர் இராது. தேதி, தகப்பன் பெயர், ஊர், ஆணா பெண்ணா, அவ்வளவுதான். பெயர் வைக்கும் முன்பே பதிவு முடிந்துவிடும் என்பது உண்மையான காரணம். 1969ஆம் ஆண்டுச் சட்டமும் பெயரில்லாமல் பதிவதை ஏற்று, பிறகு சேர்த்துக்கொள்ள அவகாசம் தருகிறது. பையனுக்குப் பள்ளியிலோ பட்டாவிலோ எங்காவது பெயர் பிறகு ஏறிவிடும். பள்ளிக்கும் போகாத, பட்டாவும் இல்லாத பெண்ணுக்குப் 'பெண்' என்ற அந்த ஒரு சொல்லே முதலும் கடைசியுமான பதிவு. ஏலாக்குறிச்சிப் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பங்களுக்கு ஒரு சலுகை உண்டு. அவர்களுடைய ஞானஸ்நான ஏட்டில் குழந்தையின் பெயரோடு தாயின் பெயரும் ஞானத்தாயின் பெயரும் எழுதப்பட்டாக வேண்டும். வுல்ஃப் சொன்ன ஏடு இந்த வட்டாரத்தில் இருக்கிறதென்றால் அது அங்கேதான்.

பெயர் சொல்லாமை பெண்ணின் பக்கத்திலிருந்தும் வந்தது. விடுதலைக்குப் பின் முதல் பொதுத் தேர்தலுக்கு வாக்காளர் பட்டியல் தயாரித்தபோது ஏராளமான பெண்கள் தங்களை இன்னார் மகள், இன்னார் மனைவி, இன்னார் அம்மா என்று மட்டுமே சொன்னார்கள். முதல் தலைமைத் தேர்தல் ஆணையர் சுகுமார் சென் அதை ஏற்கவில்லை. சொந்தப் பெயர் தராத சுமார் 28 லட்சம் பெண்கள், பெரும்பாலும் வட மாநிலத்தவர், பட்டியலிலிருந்து நீக்கப்பட்டார்கள். அவர் செய்தது சரி என்றே நினைக்கிறேன். யாருடையவோ ஆளாக வாக்களிக்க முடியாது. ஆனாலும் அந்த 28 லட்சத்தில் ஒருத்தியாக நின்று பார்த்தால், பெயரைக் காப்பது கௌரவம் என்று வாழ்நாள் முழுக்கச் சொல்லிக்கொடுத்துவிட்டு, காத்ததற்காகவே வாக்கைப் பறித்த கதை அது.

தமிழில் இதற்கு ஆயிரம் ஆண்டுப் பழமையான முன்மாதிரி இருக்கிறது, அதுவும் நம் மண்ணிலேயே. செம்பியன் மாதேவி மழவரையர் மகள். மழநாடு என்பது கொள்ளிடத்துக்கு வடக்கே திருமழபாடியை உள்ளிட்ட பகுதி. அவர் கணவர் கண்டராதித்தர் பெயரில் அரியலூர் மாவட்டத்தில் இன்றும் ஓர் ஊர் உண்டு. செங்கல் தளிகளைக் கற்றளிகளாக மாற்றியதில் அவருக்கு இணையான ஆள் அந்த நூற்றாண்டில் இல்லை. அப்படிப்பட்டவரைக் கல்வெட்டுகள் எப்படி அடையாளம் சொல்கின்றன? மழவரையரின் மகள், கண்டராதித்தரின் தேவி, உத்தம சோழனை வயிற்றில் சுமந்தவர். 'செம்பியன் மாதேவி' என்பதே சோழரின் பெருந்தேவி என்று பொருள்படும் பட்டப்பெயர்தான். வேறு அரசியருக்கும் அது வழங்கியது. 1951இல் கணக்கெடுப்பாளர் வாசலில் நின்ற பெண் சொன்ன அதே மூன்று விடைகள்.

அவரைப் பற்றி எனக்கு மிகவும் பிடித்த செய்தி திருக்கோடிக்காவலில் இருக்கிறது. பழைய கோயிலைப் பிரித்துக் கல்லால் கட்டும்போது, பழைய கற்களில் இருந்த கொடைச் செய்திகளையெல்லாம் படியெடுத்துப் புதிய சுவரில் மறுபடி வெட்டச் செய்தார். யாரோ எப்போதோ விளக்குக்கு விட்ட ஆடுகளும் பொன்னும் அழிந்துவிடக் கூடாது என்று நினைத்திருக்கிறார். அந்தக் கொடையாளர்களில் பெண்களும் உண்டு. கனடாவைச் சேர்ந்த லெஸ்லி ஓர் சோழர் காலக் கல்வெட்டுகளில் பெண்களைத் தேடி 2000இல் ஒரு நூல் எழுதினார். கோயிலோடு தொடர்புள்ள பெண்கள் அங்கே முதன்மையாகக் கொடையாளர்களாகவே தெரிகிறார்கள் என்று காட்டினார். பெண்ணுக்குக் கையில் சொத்து இருந்த இடத்தில் அவள் பெயர் கல்லில் ஏறியிருக்கிறது.

உ.வே. சாமிநாதையரின் 'என் சரித்திரம்' 1940களின் தொடக்கத்தில் ஆனந்த விகடனில் தொடராக வந்தது. நம் இரு மாவட்டங்களின் பத்தொன்பதாம் நூற்றாண்டு வாழ்க்கைக்கு அதைவிட நல்ல சாட்சி கிடையாது. அரியலூர், குன்னம், கார்குடி, செங்கணம் என்று இசைக்காகவும் படிப்புக்காகவும் தந்தையும் மகனும் ஊர் ஊராகப் போகிறார்கள். எந்த மிராசுதார் எவ்வளவு நெல் கொடுத்தார், யார் வீட்டில் தங்கினார்கள் என்பதெல்லாம் நன்றியோடு பெயர் சொல்லி வருகிறது. அந்த வீடுகளில் உலை வைத்தவர்கள் பெயர் இல்லை. மனைவி மதுராம்பிகை திருமணத்தின்போது வருகிறார். பிறகு அவரைத் தேடிப் பக்கம் புரட்ட வேண்டியிருக்கிறது. ஐயரைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. தன் காலத்தில் மனைவியைப் பற்றி அச்சில் பேசுவது மரியாதைக் குறைவு என்று நினைத்த ஒருவரின் மரியாதை அது. அந்த மரியாதையால் நமக்கு நேர்ந்த இழப்பு வேறு கணக்கு.

இவ்வளவும் சொல்லியபின் ஒரு சங்கடத்தைப் பேசியாக வேண்டும். குடும்ப மரம் என்பது எதற்காக வரையப்பட்டது? நம் ஊரில் அதற்கு இரண்டே பயன்: சாதிப் பெருமை, சொத்து. கங்கைகொண்டசோழபுரத்தைச் சுற்றியுள்ள ஊர்களில் ராசேந்திரன் எங்கள் ஆள் என்று சொல்லாத சாதி குறைவு. அச்சகத்துக்கு ஒரு சாதி வரலாறு எந்த ஆண்டும் தவறாமல் வந்துவிடுகிறது. ஒரு வம்சம் கலப்பில்லாமல் வந்தது என்று சொல்வது, அந்த வம்சத்துக்குப் பிள்ளை பெற்ற அத்தனை பெண்களின் உடலும் காவலில் இருந்தது என்று சொல்வதுதான். அப்படியானால் அந்த மரத்தின் விடுபட்ட கிளைகளில் பாட்டிமார் பெயரை எழுதி நிரப்புவது யாருக்குச் செய்யும் உதவி?

வகுப்பில் 'அம்மாவின் அம்மாவின் அம்மா பெயர் என்ன' என்று கேட்டுவருகிறேன். எங்கள் பக்கத்தில் அப்பாவின் அம்மாவை அப்பாயி என்றும் அம்மாவின் அம்மாவை அம்மாயி என்றும் அழைப்பதால், அம்மாயியின் அம்மா என்ற இடத்திலேயே பாதி வகுப்பு நின்றுவிடும். பண்ணையில் அடிமைப்பட்டு வேலை செய்த தலைமுறைகளிலிருந்து வந்த ஒரு மாணவி ஒருமுறை எழுந்து, "மேடம், எங்க வீட்டுல அந்தக் காலத்தப் பத்திப் பேசினா அம்மாயி அழுவும். கேக்கணுமா?" என்றாள். கேட்க வேண்டாம் என்றேன். பழையதைத் தோண்டுவதில் இன்பம் காண முடிகிறவர்கள், தோண்டினால் நிலமோ விருதோ கிடைக்கும் வீட்டில் பிறந்தவர்கள். தோண்டினால் கடன்சீட்டும் சவுக்கும் வரும் வீட்டில் மறதியும் ஒரு மருந்தாக இருந்திருக்கிறது. அதைப் பறிக்க வரலாற்றுக்கு உரிமை இருக்கிறதா என்பது விளையாட்டான கேள்வியல்ல. அந்தப் பெண் பிறகு தானாகவே கேட்டு வந்து எழுதினாள் என்பது வேறு விஷயம்.

பெயர்களே அப்படித்தான். குப்பாயி, பிச்சாயி என்று வைத்தது, முன்பு பிறந்தவை இறந்துபோனதால் இதைக் குப்பையில் போட்டு எடுத்தோம், பிச்சையாக வாங்கினோம் என்று எமனை ஏய்ப்பதற்கு. அந்தப் பெயருக்குப் பின்னால் செத்த குழந்தைகளின் கணக்கு இருக்கிறது. 1911இல் இங்கிலாந்தின் தாள் நேராகக் கேட்ட கேள்விக்கு நம் பெயர்களே விடை. போதும்பொண்ணு என்ற பெயர் சொல்வது இன்னொன்று. பேரன், பேத்தி என்ற சொற்கள் பெயரிலிருந்து வந்தவை. பாட்டன் பாட்டி பெயரைத் தாங்குபவர்கள் என்று பொருள். ஆனால் மாமியார் பெயரை மருமகள் வாயால் சொல்லக்கூடாது என்பதால், அப்பாயி பெயர் வைக்கப்பட்ட பெண் குழந்தை வீட்டில் பாப்பாவாகவும் குட்டியாகவுமே வளரும். பெயரைக் கடத்தவும் வேண்டும், உச்சரிக்கவும் கூடாது. தர்ப்பணத்தில் மூன்று தலைமுறைப் பெண்களின் பெயர் சொல்லப்படுகிறது. சொல்கிற வாய் ஆணுடையது. கல்யாணத்துக்கு முன் பூவாடைக்காரிக்குப் படையல் போட்டுப் புடவை வைக்கும் வீடுகளில், வீட்டில் பூவும் பொட்டுமாக இறந்துபோன அந்த மூதாய்க்கு அதற்கு மேல் பெயரில்லை. சிறுவாச்சூர் மதுரகாளியம்மனைக் குலதெய்வமாகக் கொண்ட குடும்பங்கள் கோயில் திறக்கும் திங்கள், வெள்ளிகளில் எங்கெங்கிருந்தோ வந்து இறங்குகின்றன. தெய்வம் பெண். அவளிடம் போகும் வழி அப்பா, அப்பாவின் அப்பா என்றுதான். கட்டிக்கொடுத்த மகளுக்கு அன்றோடு குலதெய்வம் மாறிவிடுகிறது.

இப்போது சொத்துக்கு வருகிறேன். நம் ஊரில் குடும்ப வரலாறு பொழுதுபோக்கு அல்ல என்று தெரிந்துகொள்ள சார்பதிவாளர் அலுவலகத்தில் ஒரு காலைப்பொழுது போதும். சுண்ணாம்புக் கல்லுக்காக சிமென்ட் ஆலைகள் நிலம் வாங்கிய மாவட்டம் இது. ஜெயங்கொண்டத்தில் பழுப்பு நிலக்கரிக்காக 1990களில் கையகப்படுத்திய நிலத்தின் இழப்பீட்டுக்காகப் பல குடும்பங்கள் ஆண்டுக்கணக்கில் நீதிமன்றம் ஏறின. யார் யாருக்குப் பிள்ளை என்பது அங்கே பணம். வாரிசுச் சான்றில் மகளின் பெயரை விட்டுவிட்ட கதை எல்லா ஊரிலும் இருக்கும்.

என் மாணவி ஒருத்தி தன் திட்டக்கட்டுரைக்காகக் குடும்ப வரலாறு எழுத எடுத்தாள். உடையார்பாளையம் பக்கத்துக் குடும்பம். அவளுடைய கொள்ளுத்தாத்தாவுக்குப் பிறகு நிலம் எப்படித் தாத்தாவுக்கு வந்தது என்று பார்க்க வில்லங்கச் சான்று எடுத்தாள். 1963இல் ஒரு விடுதலைப் பத்திரம் இருந்தது. நகல் வாங்கினாள். தாத்தாவின் தங்கை, அதாவது இவள் அப்பாவின் அத்தை, தன் தகப்பன் சொத்தில் தனக்குள்ள பாத்தியதையை அண்ணனுக்கு விட்டுக்கொடுத்திருக்கிறாள். அந்தக் குடும்பத்தின் காகிதங்களில் அந்த அம்மாவின் பெயர் முழுதாக வருவது அந்த ஓர் இடத்தில்தான். இன்னார் குமாரத்தி, இன்னார் பாரியாள் என்ற இரண்டு முன்னொட்டுகளுக்குப் பிறகு அவள் பெயர், வயது, தொழில் வீட்டு வேலை. பத்திர மொழியில் அவளுக்கு எழுதிக்கொடுப்பவர் என்று பேர். எழுதப்படிக்கத் தெரியாதவள், கடைசியில் இடது பெருவிரல் ரேகை.

அந்தப் பத்திரத்தை நான் பலமுறை படித்துவிட்டேன். 1956 ஜூன் 17இல் நடைமுறைக்கு வந்த இந்து வாரிசுரிமைச் சட்டத்தின்படி, அதற்குப் பின் உயில் எழுதாமல் இறந்த தகப்பனின் தனிச் சொத்தில் மகளும் மகனும் ஒரே வரிசை வாரிசுகள். பிதுரார்ஜிதத்தில் மகனுக்குச் சமமான பிறப்புரிமை அப்போது இல்லை. தகப்பனுக்குரிய பாகத்தில் பங்கு உண்டு. தமிழ்நாட்டில் அந்தப் பிறப்புரிமை 1989இல் வந்தது, அதுவும் அந்த ஆண்டு மார்ச் 25க்கு முன் மணமாகிப் போனவர்களுக்கு இல்லாமல். 2005இல் மத்தியச் சட்டம் மணமானவர், ஆகாதவர் என்ற வேறுபாட்டை நீக்கியது. 2004 டிசம்பர் 20க்கு முன் முறையாக முடிந்துபோன பாகப்பிரிவினைகளைத் தொடவில்லை. 2005இல் தகப்பன் உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. இந்தத் தேதிகளை மாணவிகள் மனப்பாடமாக வைத்திருக்க வேண்டும், யாப்பிலக்கணத்தைவிட முக்கியம். 1963க்குத் திரும்பினால், அந்தப் பத்திரம் ஏன் தேவைப்பட்டது? அவளுக்குப் பங்கு இருந்ததால். பத்திர எழுத்தருக்கு அது தெரியும், அண்ணனுக்கும் தெரியும். சட்டம் ஏழு ஆண்டுக் குழந்தையாக இருந்தபோதே அதை வாங்கிக் கழிக்கும் வழியும் ஊருக்குத் தெரிந்திருக்கிறது. அவளுக்கு மட்டும், தன்னிடம் இருந்தது என்னவென்று அதைக் கொடுக்கும் நாளில்கூட யாரும் சொல்லவில்லை. பழைய நாளில் மகளுக்கு மஞ்சக்காணி என்று ஒரு துண்டு நிலம் விடும் வழக்கம் இருந்தது. சட்டப்படி முழுப் பங்கு என்று ஆனதும் அந்தத் துண்டும் அவளுக்குக் கிடைக்கவில்லை.

எண்பது கடந்த அந்த அம்மா உயிரோடு இருக்கிறார். மாணவி போய்க் கேட்டாள். அவள் அவரையும் அப்பாயி என்றே அழைக்கிறாள்.

"ஏன் அப்பாயி வச்ச கைநாட்ட?"

"வக்கச் சொன்னாங்க, வச்சேன். நெலத்தக் கேட்டிருந்தா அண்ணன் வூட்டு வாசப்படி மிதிக்க முடியுமா? நாளக்கி ஒண்ணுன்னா எங்க போயி நிப்பேன்?"

இதற்கு 'சம்மதம்' என்று பெயர் வைக்கலாமா? நிலத்தை விற்று ஒரு திறந்த கதவை வாங்கியிருக்கிறார். தெரிந்துசெய்த வியாபாரம் என்று சொல்லலாம். ஆனால் அவருக்கு உரிய பொருளையே விலையாக வாங்கிக்கொண்டு, உறவின்படி அவருக்கு ஏற்கெனவே உரியதான கதவைக் கொடுத்திருக்கிறார்கள். மிரட்டலே இல்லாமல் நடந்த பறிப்பு இது. குடும்பத்தில் யாரும் கெட்டவர்கள் இல்லை என்பதும் உண்மை. அந்த அண்ணன் தங்கைக்குக் கடைசிவரை பொங்கல் சீர் கொண்டுபோயிருக்கிறார்.

மாணவியின் அப்பா, இதையெல்லாம் எழுதி என்ன ஆகப்போகிறது, செத்தவரைப் பழிப்பதா என்றார். இறந்தவர் பதில் சொல்ல முடியாது என்பதால் அவரைப் பற்றி நல்லது மட்டுமே பேச வேண்டும் என்ற நியாயம் உலகெங்கும் இருக்கிறது. அதே நியாயப்படி பார்த்தால், பேசவே வாய்ப்பில்லாமல் இறந்த பெண்களுக்கு நாம் பட்ட கடன் இன்னும் பெரிது. தாத்தாவுக்குப் பட்டாவும் திண்ணையும் புகைப்படமும் இருக்கின்றன. அவர் பக்கம் பேச ஊரே இருக்கிறது. அப்பாவின் எதிர்ப்பு அவளைத் தடுக்கவில்லை. தடுத்தது அந்த அம்மாவே. எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, "எழுதிக்க. எம் பேரப் போடாத" என்றார்.

பெண்ணியம் படித்த எங்களுக்கு இது கசந்தது. பெயர் இல்லாமல் போனவர்களுக்குப் பெயர் தேடுவதுதானே வேலை. கிடைத்த ஒரே பெயரையும் மறைக்கச் சொன்னால்? மாணவி என்னிடம் வந்து, அவர் பயத்தில் சொல்கிறார், நாம் ஏன் அந்தப் பயத்துக்குக் கட்டுப்பட வேண்டும் என்று வாதாடினாள். நல்ல வாதம். சுகுமார் சென் பக்கத்து வாதம்.

நான் வேறு பக்கம் நின்றேன். நம் அகப்பாட்டு மரபில் தலைவிக்குப் பெயர் கிடையாது. தொல்காப்பியம் அதை விதியாகவே வைத்திருக்கிறது. தலைவி, தோழி, செவிலி, நற்றாய் யாருக்கும் பெயரில்லை. காதலைப் பற்றி ஊர் அலர் தூற்றும் உலகில், பெயரை மறைத்தால்தான் உள்ளதை உள்ளபடி சொல்ல முடியும் என்று அந்தக் கவிகளுக்குத் தெரிந்திருக்கிறது. பெயர் போன இடமெல்லாம் பறிப்பு என்று நாம் வைத்துக்கொண்டால், ஒருத்தி தன் பெயரைத் தானே மடியில் முடிந்துகொள்ளும் உரிமையை மறுப்பவர்களாகிவிடுவோம். பதிவேட்டு எழுத்தர் கேட்காமல் விட்டதும் இவர் கேட்டுக்கொண்டு விடச்சொல்வதும் தாளில் ஒரே வெற்றிடமாகத் தெரியலாம். முதலாவதை நிரப்ப நமக்குக் கடமை உண்டு. இரண்டாவதைத் தொட அவர் அனுமதி வேண்டும். பயத்தால் சொன்னாலும் அது அவருடைய பயம், அதோடு நாளைக்கும் அந்த ஊரில் வாழப்போவது அவர்தான், நாங்கள் அல்ல.

இறந்தவர்களிடம் அனுமதி கேட்க முடியாது. அங்கே நான் கொஞ்சம் துணிவேன். 1860 நவம்பர் 16இல் 'ட்ரூரோ' கப்பல் சென்னையிலிருந்து டர்பன் போய்ச் சேர்ந்தது முதல் 1911 வரை நேட்டாலுக்கு ஒப்பந்தக் கூலிகளாகப் போனவர்கள் 1,52,184 பேர். அந்தக் கப்பல் பட்டியல்களில் பெண்ணுக்கும் ஒரு வரி இருக்கிறது: எண், பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, ஊர், உடம்பில் உள்ள தழும்பு. ஊரில் இருந்துவிட்ட அக்காவுக்கு இதில் எதுவும் பதிவாகவில்லை. கரும்புத் தோட்டத்துக்குப் போன தங்கைக்கு முழங்காலில் இருந்த வடுகூட எழுதப்பட்டிருக்கிறது. ஓடிப்போனால் பிடிக்க அது உதவும். பிடிப்பதற்காக எழுதிய அந்த வரியை வைத்துக்கொண்டுதான் இன்று கொள்ளுப்பேத்திகள் ஊரைத் தேடுகிறார்கள். அந்தப் பெண் ஊரைவிட்டுப் போனதே யாரும் தேடிவரக் கூடாது என்பதற்காக இருக்கலாம். இருந்தாலும் அந்த வரியைப் படிக்கலாம் என்பேன், ஏனென்றால் அவளைத் துரத்தியவர்களும் இப்போது இல்லை. உயிரோடு இருப்பவருக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது.

கட்டுரை பெயரில்லாமல் எழுதப்பட்டது. ஊர்ப்பெயரும் சர்வே எண்ணும்கூட நீக்கப்பட்டன. மதிப்பிட வந்த வெளித் தேர்வாளர், ஆதாரத்தில் பெயர் இல்லையே என்று மதிப்பெண் குறைத்தார். மாணவி அதற்கு அவ்வளவாக வருந்தவில்லை.

முடித்தபின் அவள் பத்திர நகலை எடுத்துக்கொண்டு அந்த அம்மாவிடம் போனாள். அறுபது ஆண்டுக்கு முன் தான் 'எழுதிக்கொடுத்தது' என்னவென்று அவர் ஒருமுறைகூடக் கேட்டதில்லையாம். இவள் முதல் வரியிலிருந்து உரக்கப் படித்தாள். பெயர் வந்த இடத்தில் அவர் ஒன்றும் சொல்லவில்லை. கடைசியில் நான்கெல்லை வந்தது: வடக்கே இன்னார் புஞ்சை, தெற்கே வண்டிப்பாதை, மேற்கே ஓடை, கிழக்கே வேலி. அங்கே கையைக் காட்டி நிறுத்தினார்.

"கெழக்கால வேலி ஏது? இலுப்ப மரம்ல நின்னுச்சு. அது எங்கம்மா வச்ச மரம். தப்பா எழுதியிருக்கானுவ."